இறந்த அப்பாவின் குரலில் பேசும் ஏஐ: செய்யலாமா?

பனித்துளி:
அப்பா போய் இன்னும் ஒரு வருடம்கூட ஆகவில்லை. அவர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல் செய்திகள் நிறைய இருக்கின்றன, தங்கை அதையெல்லாம் ஒரு செயலியில் ஏற்றி அவர் மாதிரியே பேச வைக்கப் போகிறாளாம், அம்மாவுக்கு ஆறுதலாக இருக்குமாம். அம்மாவிடம் யாரும் கேட்கவில்லை. எனக்கு என்னவோ போல இருக்கிறது, ஆனால் வேண்டாம் என்று சொல்லவும் காரணம் கிடைக்கவில்லை. யாராவது செய்து பார்த்திருக்கிறீர்களா?

காகிதப்படகு:
அண்ணனுக்குச் செய்து பார்த்தேன். குரல் அச்சு அசல் அவன்தான். ஆனால் தொண்டையைச் செருமாமல் அவன் எதையும் ஆரம்பிக்க மாட்டான், இது நேராக விஷயத்துக்கு வந்தது. அதைக்கூட விடுங்கள், வேலையை விடப் போகிறேன் என்றேன், "உன் மனசுக்குப் பட்டதைச் செய்" என்றது. அவன் இருந்திருந்தால் அரை மணி நேரம் திட்டியிருப்பான்! அப்புறம் அதைத் திறக்கவில்லை, அழிக்கவும் மனசு வரவில்லை.

வடிகட்டி:
திட்டாததற்குக் காரணம் இருக்கிறது. குரலை நகலெடுப்பது சுலபம், ஒரு நிமிடத்துக்கும் குறைவான ஒலிப்பதிவு போதும் என்று சொல்லி 2022இலேயே அமேசான் ஒரு பாட்டியின் குரலில் தன் குரல் உதவிக் கருவி அலெக்சா கதை வாசிப்பதைக் காட்டியது. ஆனால் பதிலை யோசிப்பது 'லாங்வேஜ் மாடல்' என்கிற மென்பொருள், ஏராளமான எழுத்தைப் படித்து அடுத்த சொல்லை ஊகிப்பது. அது கேட்பவருக்கு இதமாகப் பேசப் பழக்கப்பட்டது, உங்கள் அப்பா அதன்மேல் ஒரு பூச்சுதான். சந்தா சேவை என்றால் நிறுவனம் மூடும் அன்று பேச்சும் நின்றுவிடும். 2024இல் கேம்பிரிட்ஜ் ஆய்வாளர்கள் இருவர் எழுதியதும் இதைப் பற்றித்தான்: இறந்தவரின் சம்மதம் மட்டும் போதாது, பேசப் போகிறவரின் சம்மதமும் வேண்டும், வேண்டாம் என்று தோன்றினால் மரியாதையாக நிறுத்த வழி வேண்டும். முதலில் அம்மாவிடம் கேளுங்கள்.

தூரத்துமணி:
ரொம்பப் பயமுறுத்தாதீர்கள். 2020இல் தென் கொரியத் தொலைக்காட்சியில் ஒரு தாய் கண்ணில் விஆர் கருவி மாட்டிக்கொண்டு, கணினியில் உருவாக்கிய தன் இறந்த மகளைச் சந்தித்தார், பலர் கண்டித்தார்கள், அவரோ தான் காண ஏங்கிய கனவு என்றார். ஆனால் அது ஒரு தடவை, சுற்றிலும் ஆள்கள் இருந்தார்கள். தினமும் ராத்திரி தனியாகப் பேசுவதை அதோடு சேர்க்க முடியாது, அதுவும் உண்மைதான்.

பனித்துளி:
அம்மாவிடம் கேட்டுவிட்டேன். அதெல்லாம் வேண்டாம், பழைய செய்திகள் என் போனில் எங்கே இருக்கிறது, அதைக் காட்டு என்றார். இத்தனை நாளாகத் தேடியிருக்கிறார், எங்களிடம் கேட்கவில்லை. தங்கைக்குக் கொஞ்சம் வருத்தம்.

வடிகட்டி:
சரி, அதை வாட்ஸ்அப்பிலேயே விட்டுவைக்காதீர்கள், போன் மாறும்போது போனால் போனதுதான். 'எக்ஸ்போர்ட் சாட்' கொடுத்து மீடியாவோடு எடுத்து இரண்டு இடத்தில் வையுங்கள். அந்த வேலையைத் தங்கையிடமே கொடுங்கள்.