நிகோடீமஸ், கான்சஸ்: இறங்கிப் பார்க்க அங்கே என்ன இருக்கிறது?

நெடுவழி:
அடுத்த மாதம் டென்வரிலிருந்து கான்சஸ் சிட்டிக்குக் காரில் போகிறோம். அப்பா, அம்மாவும் வருகிறார்கள். வழியில் நிகோடீமஸ் என்ற ஊர் வரைபடத்தில் தென்பட்டது. தேசிய வரலாற்றுத் தலம் என்று போட்டிருக்கிறது. படங்களில் பார்த்தால் புல்வெளிக்கு நடுவே நாலைந்து கட்டடங்கள்தான் தெரிகின்றன. இதற்காக ஐ-70 சாலையை விட்டு ஏறக்குறைய ஒரு மணி நேரம் வடக்கே போகலாமா? அப்பா ரயில்வேயில் தண்டவாளப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் கேட்ட முதல் கேள்வியே "இந்த ஊருக்கு ஏன் ரயில் போகவில்லை?" என்பதுதான். போய் வந்தவர்கள் சொல்லுங்கள்.

மணிமுத்தாறு:
நாங்கள் போயிருக்கிறோம். பத்து நிமிடத்தில் பார்த்து முடித்துவிட்டோம். குழந்தைகள் இருந்தால் பக்கத்தில் ஹேஸ் என்ற ஊரில் இருக்கும் ஸ்டெர்ன்பெர்க் அருங்காட்சியகமே போதும். மீனுக்குள் மீன் இருக்கும் புதைபடிவம் அங்கேதான் இருக்கிறது.

கோதுமைக்காடு:
நான் ஹேஸில்தான் குடியிருக்கிறேன். வீட்டுக்கு யார் வந்தாலும் நிகோடீமஸுக்குக் கூட்டிப்போவேன். மணிமுத்தாறு சொல்வது சரி, கட்டடங்களை மட்டும் பார்த்தால் பத்து நிமிடம்தான் ஆகும். ஆனால் அந்த ஊரில் முதலில் பார்க்க வேண்டியது மண்ணை. அடிமைமுறையிலிருந்து விடுபட்ட கறுப்பின மக்கள் வந்து குடியேறிய மண் அது.

1877-இல் கென்டக்கியின் லெக்சிங்டனில் ஒரு துண்டுப் பிரசுரம் ஒட்டினார்கள். கான்சஸுக்குப் போக விரும்பும் கறுப்பின மக்கள் ஐந்து டாலர் கொடுத்தால் செப்டம்பர் 5 அன்று கிளம்பலாம் என்று அதில் இருந்தது. அடிமைமுறை ஒழிந்து அப்போது பன்னிரண்டு வருடம்தான் ஆகியிருந்தது. தெற்கு மாநிலங்களில் அவர்களுக்குக் காவலாக இருந்த மத்திய அரசுப் படைகளையும் அந்த வருடம் விலக்கிக்கொண்டார்கள். குத்தகைக்கு உழுது கடனில் மூழ்கியிருந்தவர்களுக்கு, 1862-ஆம் வருட ஹோம்ஸ்டெட் சட்டப்படி 160 ஏக்கர் சொந்தமாகக் கிடைக்கும் என்பது எப்பேர்ப்பட்ட செய்தி! ஐந்து வருடம் குடியிருந்து பயிர் செய்தால் நிலம் அவர்கள் பெயருக்கு வந்துவிடும். ஊரைத் திட்டமிட்டவர்கள் டபிள்யூ. ஆர். ஹில் என்ற வெள்ளையரும் டபிள்யூ. எச். ஸ்மித் என்ற கறுப்பினத்தவரும்.

எல்லிஸ் என்ற ஊர் வரை ரயில், அங்கிருந்து நடை. வந்து பார்த்தால் ஒரு மரம் கிடையாது. கென்டக்கியில் காடும் ஓடையுமாகப் பார்த்து வளர்ந்தவர்கள். பலகை இல்லாமல் வீடு கட்டுவது எப்படி? மேட்டுச் சரிவைக் குடைந்தார்கள். முன்பக்கம் மட்டும் புல்வேரோடு வெட்டியெடுத்த மண்கட்டிகளை அடுக்கிச் சுவர் வைத்தார்கள். மேலே கிளை, அதன்மேல் புல், அதன்மேல் மண். புகை போகக் கூரையில் ஓர் ஓட்டை. விறகு இல்லாததால் காய்ந்த சூரியகாந்தித் தண்டையும் காட்டெருமைச் சாணத்தையும் எரித்தார்கள்.

1878 வசந்தத்தில் வந்த வில்லியானா ஹிக்மன் என்ற பெண்மணி பின்னாளில் சொன்ன நினைவு பதிவாகியிருக்கிறது. ஊர் வந்துவிட்டது என்று ஆண்கள் சத்தம் போட்டார்களாம். அந்த அம்மா எங்கே எங்கே என்று தேடியிருக்கிறார். நிலத்திலிருந்து அங்கங்கே எழும்பிய புகையைக் கணவர் சுட்டிக் காட்டி, அதுதான் நிகோடீமஸ் என்றாராம். அந்த அம்மா அழத் தொடங்கிவிட்டார். சிலர் வந்த வழியே திரும்பியும் போனார்கள். தங்கியவர்களுக்கு முதல் குளிர்காலத்துக்கு முன் விதைக்க நேரமே இருக்கவில்லை. வேட்டை முடிந்து திரும்பிய ஓசேஜ் என்ற பூர்வகுடி மக்கள் இறைச்சி கொடுத்துக் காப்பாற்றியதாக அந்த ஊர்க் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்கிறார்கள்.

அப்படிப்பட்ட குழிவீட்டில்தான் ஜென்னி ஃபிளெச்சர் பிள்ளைகளுக்குப் பாடம் எடுத்தார். தேவாலயமும் அப்படித்தான் தொடங்கியது. பத்தே வருடத்துக்குள் ஓட்டல், கடைகள், இரண்டு செய்தித்தாள்கள்! அங்கே குடியேறிய எட்வர்ட் மெக்கேப் 1882-இல் கான்சஸ் மாநிலத் தணிக்கை அதிகாரியாகத் தேர்தலில் ஜெயித்தார். மாநில அளவில் அப்படி ஜெயித்த முதல் கறுப்பினத்தவர் கான்சஸில் அவர்தான். இவ்வளவையும் நடத்திக் காட்டிய ஊரைப் பார்த்து "ஒன்றும் இல்லை" என்று யாராவது சொன்னால் எனக்கு மனசு கேட்பதில்லை.

நெடுவழி:
ரொம்ப நன்றி, அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். அப்படியானால் ரயில் விஷயம்?

கோதுமைக்காடு:
அப்பா சரியான இடத்தில் கை வைத்திருக்கிறார்.

1887-இல் மிசூரி பசிபிக் கம்பெனியின் பாதை தங்கள் ஊர் வழியாக வர வேண்டும் என்று ஊரார் வாக்களித்து, அதற்கு உதவியாக 16,000 டாலர் கடன்பத்திரத்துக்கு ஒப்புக்கொண்டார்கள். அளவெடுக்க ஆள் வந்தது, பாதை வரவில்லை. அடுத்த வருடம் யூனியன் பசிபிக் வந்தது. ஆனால் சாலமன் ஆற்றுக்குத் தெற்கே போட்டுக்கொண்டு போய்விட்டது. அங்கே முளைத்ததுதான் போக் என்ற ஊர்.

சில மைல்தானே என்று நமக்குத் தோன்றும். குதிரை வண்டியில் கோதுமை ஏற்றிப் போகிறவன் ரயிலடியிலேயே உப்பும் துணியும் ஆணியும் வாங்கிக்கொண்டு பொழுது சாயுமுன் வீடு திரும்பத்தான் பார்ப்பான். ஆகவே கடைக்காரர்கள் ஒவ்வொருவராக ஆற்றைத் தாண்டினார்கள். மெக்கேப்பும் ஒக்லஹோமா போய் லாங்ஸ்டன் என்ற இன்னொரு ஊரைத் தொடங்கினார். அப்புறம் 1930-களின் புழுதிப் புயல்களும் விலை வீழ்ச்சியும். 1953-இல் தபால் நிலையத்தை மூடினார்கள். இன்று அங்கே குடியிருப்பவர்கள் இருபது பேர்கூட இல்லை. ஊர்க்காரர்களிடம் எந்தக் குறையும் இருந்ததாக நான் நினைக்கவில்லை. ரயில் வந்திருந்தால் கதை வேறு. பக்கத்து ஊர்கள் பலவற்றுக்கும் இதே கதிதான், ஆனால் இவர்கள் இழந்தது அதிகம்.

பனையோலை:
ஒரு தகவல் சேர்க்கிறேன். ஜூலைக் கடைசி வாரத்தில் அங்கே வம்சாவளியினர் ஒன்றுகூடும் விழா நடக்கும். அது பழைய ஆகஸ்ட் 1 விடுதலை நாள் கொண்டாட்டத்திலிருந்து வந்தது. 1834-இல் அந்தத் தேதியில்தான் பிரிட்டிஷ் மேற்கிந்தியத் தீவுகளில் அடிமைமுறை ஒழிப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. கிழக்கிந்தியக் கம்பெனி ஆண்ட பகுதிகளுக்கும் இலங்கைக்கும் அந்தச் சட்டத்தில் விலக்கு வைத்திருந்தார்கள் என்பதை நம்மவர்களில் பலர் அறிந்திருக்க மாட்டார்கள்.

கோதுமைக்காடு:
நன்றி பனையோலை. நெடுவழி, அந்த வாரம் போக முடிந்தால் விட்டுவிடாதீர்கள். எங்கெங்கோ இருக்கும் பேரப்பிள்ளைகள் எல்லாரும் வந்து சேர்வார்கள். தங்குவதற்கு ஹில் சிட்டியிலோ ஸ்டாக்டனிலோ முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

மற்ற நாளில் போனால் முதலில் 1939-இல் சுண்ணாம்புக் கல்லில் கட்டிய ஊர் மன்றத்துக்குப் போங்கள். திறந்திருக்கும் நாளை முன்னாடியே பார்த்துக்கொள்ளுங்கள். தண்ணீர், சாப்பாடு கையோடு எடுத்துப் போங்கள், அம்மாவுக்குத் தொப்பியும். வெயிலுக்கு ஒதுங்க இடம் குறைவு. திரும்பும்போது அப்பாவை போக் வரை கூட்டிப் போய், காரின் மைல் கணக்கைப் பார்க்கச் சொல்லுங்கள். நிகோடீமஸுக்கும் ரயிலுக்கும் நடுவே எவ்வளவு தூரம் இருந்தது என்று அவரே சொல்வார்.