ஜூடிஷியல் ரிவ்யூ: ‘முறையாய்வு’ எனலாமா?

வணக்கம். அரசு அலுவலகங்கள் எடுக்கும் முடிவுகளை நீதிமன்றம் சோதித்துப் பார்ப்பதுதான் ஜூடிஷியல் ரிவ்யூ. அதற்குப் புதுத் தமிழ்ச்சொல் வேண்டும் என்பதற்கு எழும் கேள்விகளுக்கு என் பதில் இது.

> ‘நீதித்துறை மறுஆய்வு’ செய்தித்தாள்களில் ஊன்றிவிட்டது. இப்போது போய்ப் புதுச்சொல் எதற்கு?

எதற்கென்றால், ஐயா, அந்தச் சொல்லை நம்பித்தான் ஆட்கள் நீதிமன்றப் படி ஏறுகிறார்கள். எங்கள் பக்கத்தில் பேருந்து நிலையக் கடை ஒன்றுக்கு ஏலம் கேட்டவர், டேவணித்தொகை கட்டி, மற்றவர்களைவிட அதிகமாகவும் கேட்டிருந்தார்; கடை இன்னொருவருக்குப் போனது. ஒதுக்கீட்டை எதிர்த்து ரிட் மனு போட்டார். ஒதுக்கீட்டு ஆணையை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, கூடவே ‘இரு தரப்பையும் கேட்டுச் சட்டப்படி புதிதாக முடிவெடுக்கவும்’ என்று அதே அலுவலகத்துக்கே கோப்பைத் திருப்பி அனுப்பியது. தீர்ப்பை நான் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தபோது அவர் மனைவி கேட்டார்: “மறுஆய்வுன்னுதானுங்க போட்டோம்? கடை யாருக்குன்னு சொல்லாமயே உட்டுட்டாங்களே.” வழக்கு தோற்றுவிட்டது என்றுதான் அந்த வீட்டில் இன்னமும் பேச்சு. அவர்கள் ஜெயித்த வழக்கு அது!

மறுஆய்வு என்றால் முதலிலிருந்து திரும்பப் பார்ப்பது, தப்பென்றால் திருத்தி எழுதுவது என்றுதானே யாருக்கும் படும்? அது மேல்முறையீட்டின் வேலை. ‘சீராய்வு’ என்று சிலர் எழுதுகிறார்கள், அதுவும் சரிவராது. தன் தீர்ப்பைத் தானே திரும்பப் பார்க்கும்படி நீதிமன்றத்தைக் கேட்கும் மனுவுக்கு அந்தச் சொல் ஏற்கனவே ஓடிக்கொண்டிருக்கிறது. அரசமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ், அதாவது ரிட் மனுவில் உயர் நீதிமன்றத்தில், நடப்பது வேறு. 1994-இல் டாடா செல்லுலார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது: பார்ப்பது முடிவை அல்ல, முடிவு எடுக்கப்பட்ட விதத்தை. பட்டாசுக் கடைத் தற்காலிக உரிமத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 2008-ஆம் ஆண்டு வெடிபொருள் விதிகளின்படி கடைக்கும் கடைக்கும் நடுவே குறைந்தது 3 மீட்டர் இடைவெளி வேண்டும். ஒரு மனுவை ‘பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலவில்லை’ என்று ஒற்றை வரியில் தள்ளிவிட்டு, வழக்கு வந்தபிறகு பதில் மனுவில் ‘இடைவெளி போதவில்லை’ என்று காரணம் சேர்த்தால் அது நிற்காது. ஆணை அதில் எழுதியுள்ள காரணத்தோடுதான் நிற்கவேண்டும் என்பது 1978 மொகிந்தர் சிங் கில் தீர்ப்பு. அதற்காக நீதிபதி டேப் பிடித்து அளந்து உரிமமும் கொடுத்துவிடமாட்டார். திரும்ப அதிகாரியிடமே போகும், அதற்குள் தீபாவளி முடிந்தாலும் முடிந்துவிடும்.

எனவே என் பரிந்துரை முறையாய்வு. நீதிமன்றம் செய்வது என்று அழுத்திச் சொல்லவேண்டிய இடத்தில் ‘நீதிமன்ற முறையாய்வு’. கீழ்பவானிப் பாசனத்தில் முறை வைத்துத் தண்ணீர் விடுகிறார்களே, அங்கே தகராறு வந்தால் முறை தப்பியதா என்றுதான் பார்ப்பார்கள், யார் காட்டுப் பயிர் நல்ல பயிர் என்று யாரும் பார்ப்பதில்லை. எங்கள் ஊர் விவசாயிக்கு இந்தச் சொல்லை விளக்கவே வேண்டியதில்லை.

> ‘முறை’ என்றால் வெறும் நடைமுறை ஆகிவிடாதா? முடிவே அபத்தமாக இருந்தால்?

நல்ல கேள்வி, நானும் இதில்தான் அதிகம் யோசித்தேன். தமிழில் முறை நடைமுறையோடு நிற்பதில்லை. “இது முறையா?” என்று ஒருவர் கேட்டால் எந்தப் படிவம் விட்டுப்போனது என்றா தேடுகிறோம்? நியாயத்தைத்தானே கேட்கிறார். முறைகேடு, முறைதவறி, முறையிடு எல்லாவற்றிலும் அந்த நியாயம் இருக்கிறது. நீதிமன்றம் தலையிட இங்கிலாந்து நீதிபதி டிப்ளாக் பிரபு வகுத்த மூன்று காரணங்களும் — சட்டமீறல், அறிவுக்கு ஒவ்வாத முடிவு, நடைமுறைத் தவறு — முறைகேடு என்ற ஒரே சொல்லுக்குள் அடங்கும். நிதானமுள்ள எந்த அதிகாரியும் எடுக்கமாட்டாத முடிவு என்றால் நீதிமன்றம் தலையிடலாம் என்ற, இங்கிலாந்தின் வெட்னஸ்பரி வழக்கில் பிறந்த விதியும் அப்படித்தான். அந்த 1947 வழக்கும் உரிமம் பற்றியதே: ஞாயிற்றுக்கிழமை படம் காட்டலாம், 15 வயதுக்குக் கீழே உள்ளவர்களை உள்ளே விடக்கூடாது என்று ஒரு சினிமா கொட்டகைக்குப் போட்ட நிபந்தனை. கொட்டகைக்காரர் தோற்றார்.

1979 ரமணா தயாராம் ஷெட்டி வழக்கையும் சொல்லவேண்டும், ஏனென்றால் நம் கடை வழக்குகளுக்கு அதுதான் அடித்தளம். பம்பாய் விமான நிலையத்தில் உணவகம் நடத்த 5 ஆண்டு அனுபவமுள்ள, பதிவுபெற்ற இரண்டாம் தர ஓட்டல்காரர் வேண்டும் என்று டெண்டர் அறிவிப்பு. கொடுத்தது அந்தத் தகுதி இல்லாதவருக்கு. தானே வகுத்த தகுதியை அரசு நிறுவனம் தானே மீறக்கூடாது என்றது நீதிமன்றம். ஆனால் வழக்குப் போட்டவர் தாமதமாக வந்தார், கடை எடுத்தவர் அதற்குள் பணம் போட்டுவிட்டார் என்று ஒப்பந்தத்தை ரத்து செய்யவில்லை. முறை தவறியது உறுதியானது, கடை கைமாறவில்லை. இதை மறுஆய்வு என்று தமிழாக்கினால் படிப்பவருக்குத் தலைகால் புரியுமா?

ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். சட்டமன்றம் இயற்றிய சட்டத்தையே அரசமைப்புக்கு முரண் என்று செல்லாததாக்கும் இடத்தில் முறையாய்வு கொஞ்சம் இறுக்கமான சட்டைதான். அங்கே ‘அரசமைப்பாய்வு’ என்று தனியாக வைத்துக்கொள்ளலாம் என்பது என் எண்ணம், மாற்றுக் கருத்து இருந்தால் எழுதுங்கள். மற்றபடி ‘முறையாய்வுக்கு உட்பட்ட ஆணை’, ‘முறையாய்வு அதிகாரம்’, ‘முறையாய்வு வரம்பு’ எல்லாம் இழுத்த இழுப்புக்கு வருகின்றன. ஸ்பீக்கிங் ஆர்டருக்கு, அதாவது காரணத்தையும் எழுதிப் போடும் ஆணைக்கு, ‘பேசும் ஆணை’ என்று உங்களில் யாரோ முன்பு போட்டிருந்தீர்கள், அதைத் தயவுசெய்து விட்டுவிடலாம். ‘காரணம் கூறும் ஆணை’ போதும்.

அடுத்த வாரம் கடை ஏல வழக்குத் தீர்ப்புகள் இரண்டைத் தமிழாக்க வேண்டியிருக்கிறது. யாரும் மறுக்காவிட்டால் இந்தச் சொல்லையே போட்டுப் பார்க்கிறேன்.

கோபியிலிருந்து