முத்துலட்சுமி ரெட்டி கண்காட்சி: எந்த ஆண்டை எழுதுவது?

செந்தூல்வாசகி:
வணக்கம். கோலாலம்பூரில் ஒரு தமிழ்ப்பள்ளியின் ஆறாம் ஆண்டு மாணவர்கள், மகளிர் தினத்துக்காக டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியைப் பற்றி ஆறு மஹ்ஜோங் தாளில் (பெரிய மெல்லிய தாள்) கண்காட்சி வைக்கிறார்கள். வாட்ஸ்அப்பில் சுற்றும் குறிப்புகள் ஒன்றோடொன்று முட்டுகின்றன. ஒன்றில் "இந்தியாவின் முதல் பெண் டாக்டர்" என்று இருக்கிறது. தேவதாசி ஒழிப்புச் சட்டத்துக்கு மட்டும் 1929, 1930, 1947 என்று மூன்று ஆண்டுகள். எதை எழுத? பொட்டுக்கட்டுவதை, அதாவது பெண்பிள்ளைகளைத் தேவதாசியாகக் கோயிலுக்கு நேர்ந்துவிடும் சடங்கை, 12 வயதுப் பிள்ளைகளுக்கு எப்படி விளக்க?

ஏட்டுக்கட்டு:
முதலில் "முதல் பெண் டாக்டர்" என்பதை அடித்துவிடுங்கள். ஆனந்திபாய் ஜோஷியும் காதம்பினி கங்கூலியும் 1886லேயே மருத்துவம் படித்து முடித்துவிட்டார்கள். முத்துலட்சுமி பிறந்ததே அந்த ஆண்டு ஜூலை 30இல்தான், புதுக்கோட்டையில்.

"சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்த முதல் பெண்" என்பதும் நிற்காது. மேரி ஷார்லீப் அங்கே 1875இல் சேர்ந்தார். 1880களில் அபலா தாஸும் அங்கே படித்தார், பிறகு அபலா போஸ் ஆனவர். "1907இல் சேர்ந்து 1912இல் பட்டம் பெற்றார்" என்று மட்டும் எழுதினால் யாரும் குறை சொல்ல முடியாது. அதற்கு முன்னால் புதுக்கோட்டை மகாராஜா கல்லூரியில் ஆண்களோடு படிக்க, மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அனுமதி கொடுத்ததைச் சேருங்கள். பிள்ளைகள் அதைத்தான் நின்று படிப்பார்கள்.

சென்னை மாகாணச் சட்டமன்றத்தின் முதல் பெண் உறுப்பினர் என்பது சரி. ஆனால் தேர்தலில் வென்று போகவில்லை, நியமன உறுப்பினர். துணைத் தலைவர் பதவிக்குத்தான் 1927இல் உறுப்பினர்கள் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். பல குறிப்புகள் இந்த இரண்டையும் ஒன்றாக்கி "தேர்தலில் வென்றார்" என்று எழுதிவிடுகின்றன.

பினாங்குத்தமிழ்:
நீங்கள் சொன்ன மூன்று ஆண்டுக்கும் காரணம் இருக்கிறது. மூன்றும் வெவ்வேறு வேலை.

கோயிலில் ஆடிப்பாடும் சேவைக்கு ஈடாகக் குடும்பத்துக்கு மானிய நிலம். சேவைக்கு ஆள் இல்லை என்றால் நிலம் போய்விடும். அதனால் தலைமுறைக்கு ஒரு பெண்ணுக்காவது பொட்டுக் கட்ட வேண்டிய கட்டாயம். வெறுமனே "இனிமேல் கட்டாதே" என்று சட்டம் போட்டிருந்தால் அந்தக் குடும்பம் தெருவுக்கு வந்திருக்கும். முத்துலட்சுமி இதைப் புரிந்துகொண்டு முதலில் முடிச்சை அவிழ்த்தார். 1929இல் இந்து அறநிலையச் சட்டத்தில் வந்த திருத்தம், சேவையையும் நிலத்தையும் பிரித்தது. சேவை செய்யாவிட்டாலும் அனுபவித்த நிலம் அந்தப் பெண்களிடமே இருக்கும். என்னைக் கேட்டால் அவருடைய வாழ்க்கையிலேயே இதுதான் கூர்மையான வேலை. எந்தக் கண்காட்சியிலும் இதற்கு இடம் இல்லாதது மனதை உறுத்துகிறது.

1930இல் கொண்டுவந்தது பொட்டுக்கட்டுவதையே தடுக்கும் மசோதா. அதே ஆண்டு காந்தி கைதானதும் முத்துலட்சுமி சட்டமன்றப் பதவியை விட்டார், மசோதா கிடப்பில் போனது. அது சட்டமானது 1947இல். ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 500 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். இந்த இடைவெளியில் ஊர் ஊராய்ப் போய்ப் பேசியவர் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார். அவர் பெயர் இல்லாமல் அந்தத் தாளை முடிக்காதீர்கள்.

மணிமேடை:
பிள்ளைகளுக்கு விளக்கக் கோணல் வழி வேண்டாம். "சின்ன வயதிலேயே ஒரு பெண்ணைக் கடவுளுக்கு மணமுடித்ததாகச் சொல்லிக் கழுத்தில் பொட்டுத் தாலி கட்டுவார்கள். பிறகு அவள் வேறு யாரையும் மணக்க முடியாது. அவளிடம் சம்மதம் கேட்பதில்லை." இது போதும். "தாசி" என்ற சொல்லைத் தனியாக எழுத வேண்டாம், இன்று அது வசைச்சொல். பொட்டுக் கட்டப்பட்ட பெண்களைக் குற்றவாளிகள் போலவும் காட்ட வேண்டாம். முத்துலட்சுமியின் தாயார் சந்திரம்மாளே அந்தச் சமூகத்தில் பிறந்தவர். மசோதாவை எதிர்த்த பாடகி பெங்களூர் நாகரத்தினம்மாளும் அப்படித்தான். திருவையாற்றில் தியாகராஜருக்குச் சமாதி ஆலயம் எழுப்பியவர். தங்கள் சொத்துரிமையும் கலையும் போய்விடும் என்று அவர் பயந்ததற்குக் காரணம் இருந்தது. இதையும் இரண்டு வரி எழுதுங்கள், கேள்வி கேட்கிற பிள்ளைக்குப் பதில் கிடைக்கும்.

தாள் விஷயம்: மஹ்ஜோங் தாளில் மார்க்கர் ஊறிப் பின்னால் இறங்கும். அடியில் இன்னொரு தாள் வைத்து எழுதச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் மேசையில் கறை. எழுத்து இரண்டு சென்டிமீட்டர் உயரமாவது வேண்டும். ஒரு தாளுக்கு 40 சொல்லுக்கு மேல் போனால் யாரும் படிக்க மாட்டார்கள். ஒளவை இல்லத்தை ஒரு தாளாக வையுங்கள். பொட்டுக்கட்டிலிருந்து தப்பி வந்த பெண்பிள்ளைகளை எந்த விடுதியும் சேர்க்காததால் 1930களின் தொடக்கத்தில் அவரே தொடங்கியது. தடைச்சட்டம் வருவதற்கு முன்பே தங்க ஓர் இடம் வந்துவிட்டது.

செந்தூல்வாசகி:
மிக்க நன்றி. நிலத்துக்கே ஒரு முழுத் தாள் ஒதுக்குகிறோம். புற்றுநோய் மருத்துவமனைக்கு 1952, 1954 என்று இரண்டு ஆண்டு வருகிறதே? இறந்த வயது 82 என்று போட்டால் சரியா?

ஏட்டுக்கட்டு:
இரண்டு ஆண்டும் சரி. அடையாறு புற்றுநோய் மருத்துவமனைக்கு நேரு அடிக்கல் நாட்டியது 1952, திறந்தது 1954. அப்போது 12 படுக்கைதான், அந்த எண்ணைப் பெரிதாக எழுதுங்கள். தங்கை புற்றுநோயில் இறந்தது அவரை இந்த வேலைக்குத் தள்ளியது. வயது 82 தவறு. 22.7.1968இல் இறந்தார், 82 நிறைய எட்டு நாள் இருந்தது. 81 என்று போடுங்கள்.