புதுப்பிப்பு: மணல் லாரியைப் பிடித்தால் யாருக்கு எவ்வளவு அதிகாரம்?

ஊரில் லாரி வாங்கி விட்டிருக்கும் சிங்கப்பூர் நண்பர்களுக்காக எழுதிய முந்தைய பதிவில் ஒரு பெரிய தவறு. கனிமவளத் துறை புகார் தராமல் போலீஸ் வழக்கே போட முடியாது என்றிருந்தேன். அப்படியில்லை. 1957 சுரங்கங்கள், கனிமங்கள் சட்டத்தின் 22ஆம் பிரிவு, அதிகாரம் பெற்றவரின் எழுத்துப் புகார் இல்லாமல் அந்தச் சட்டக் குற்றத்தை நீதிமன்றம் விசாரணைக்கு ஏற்பதைத்தான் தடுக்கிறது. ஆற்று மணல் திருட்டு என்று போலீஸ் தனியாக வழக்குப் பதியலாம். 2014 சஞ்சய் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. அதே சட்டத்தின் 23ஏ பிரிவில் (பணம் கட்டிச் சமரசமாக முடிக்கும் வழி) அபராதம் கட்டி முடித்தாலும் திருட்டு வழக்கு தானாக ஒழியாது (ஜெயந்த் வழக்கு, 2020). "பணம் கட்டியாச்சு, முடிஞ்சது" என்று நம்பி ஏமாறாதீர்கள்.

அடுத்தது, இரண்டு வேறு செயல்களுக்கும் 'பறிமுதல்' என்ற ஒரே சொல்லைச் சொல்வதால் வரும் குழப்பம். வண்டியைப் பிடித்து வைப்பது அதே சட்டத்தின் 21(4) பிரிவு. இதற்கென அதிகாரம் அளிக்கப்பட்ட அலுவலர் செய்யலாம். ஆனால் வண்டியை அரசுடைமையாக்குவது 21(4ஏ). அது நீதிமன்ற உத்தரவால் மட்டுமே. அந்தப் பிரிவில் தாசில்தாரோ ஆட்சியரோ அப்படி உத்தரவிட இடமில்லை. ஆகவே பிடித்த அன்றே மகஜர் (பிடித்ததைப் பதிவு செய்யும் குறிப்பு) நகலைக் கேட்டு வாங்குங்கள். பிடித்தவரின் பதவி, நேரம், மணலின் அளவு மூன்றும் அதில் இருக்கிறதா பாருங்கள்.

வண்டியை மீட்க, உங்களுக்காகச் செயல்பட ஒருவருக்கு அதிகாரப் பத்திரம் (பவர்) சிங்கப்பூரிலிருந்து அனுப்பினால், இந்தியத் தூதரகச் சான்றுடன் அனுப்புங்கள். அது இந்தியா சேர்ந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டியாக வேண்டும்.