நேற்றுவரை எம்பியின் செயலாளர், இன்று மூத்த அரசியல் ஆய்வாளர்

வடலி:
நேற்றிரவு ஒரு யூடியூப் நேரலை பார்த்தேன். 2018 இல் பதவிக்காலம் முடிந்த வட மாகாண சபைக்கு இன்னும் தேர்தல் நடக்காததற்கு யார் பொறுப்பு என்று பேச்சு. பேசியவர் நாலு வருடம் ஒரு எம்பிக்கு இணைப்புச் செயலாளராக இருந்தவர், அந்த எம்பியின் பெயர் வரும்போது மட்டும் தண்ணீர்ப் போத்தலைத் திறக்கிறார். திரைக்குக் கீழே ‘மூத்த அரசியல் ஆய்வாளர்’ என்று போட்டிருக்கிறார்கள். பை தூக்கினவருக்கு என்ன ஆய்வு?

கோவிலடியான்:
பை தூக்கினவருக்குத்தானே பைக்குள் என்ன கிடந்தது என்று தெரியும் அண்ணை. அமெரிக்காவில் டிம் ரஸ்ஸர்ட் என்று ஒருவர், செனட்டர் மொய்னிஹானிடமும் நியூயோர்க் ஆளுநர் மரியோ கோமோவிடமும் வேலை செய்துவிட்டுத்தான் என்பிசி தொலைக்காட்சிக்குப் போனார். 1991 தொடக்கம் 2008 இல் சாகும்வரை ‘மீட் த பிரஸ்’ என்ற அரசியல் நேர்காணல் நிகழ்ச்சி அவருடையது. வந்திருக்கிற அரசியல்வாதி முன்பு சொன்னதைத் திரையில் போட்டுக்காட்டி, இப்ப ஏன் மாற்றிச் சொல்கிறீர்கள் என்று கேட்பார். தன் பழைய கட்சிக்காரரையும் விட்டதில்லை.

வடலி:
ரஸ்ஸர்ட்டைச் சொன்னால் ஸ்டெபனோபொலஸையும் சொல்லவேணும். 1992 இல் கிளின்டனின் தேர்தல் வேலை, பிறகு வெள்ளை மாளிகை, 1997 இல் ஏபிசி தொலைக்காட்சி, 2002 இல் ஞாயிற்றுக்கிழமை அரசியல் நிகழ்ச்சி. 2015 இல் பார்த்தால் கிளின்டன் அறக்கட்டளைக்கு 75,000 டொலர் கொடுத்திருக்கிறார்! நேயர்களுக்கும் சொல்லவில்லை, நிறுவனத்துக்கும் சொல்லவில்லை. மன்னிப்புக் கேட்டார், குடியரசுக் கட்சி விவாதத்தை நடத்துவதிலிருந்தும் விலகினார். உப்பிட்டவரை உள்ளளவும் நினைக்கிறதுதானே நம்மட பழக்கம், நாங்கள் மட்டும் என்ன வேறு ஆட்களா?

குருநகரான்:
நான் கொஞ்சக் காலம் ஒரு பத்திரிகையில் துணை ஆசிரியராக இருந்தவன். இந்தச் செயலாளர்மார் அனுப்புகிற செய்தியைத் திருத்தியே என் பாதி மாலை போகும். ஒருநாள் பின்னேரம் 2 மணிக்கு வந்த மின்னஞ்சலில் ‘பலத்த கரகோஷத்துக்கு மத்தியில் உரையாற்றினார்’ என்று இருந்தது, கூட்டமோ 4 மணிக்கு. அப்புறம் மழை பெய்து கூட்டமே நடக்கவில்லை. இதை எழுதினவர் ஒருநாள் என் கதிரையில் வந்து இருந்தால் மற்றவன் அனுப்புகிற கரகோஷத்தை உடனே பிடிப்பாரா, அல்லது அதுவே கைப்பழக்கமாகிப் போயிருக்குமா என்று இப்பவும் யோசிக்கிறேன்.

கோவிலடியான்:
ஏன் அமெரிக்காவுக்குப் போவான்? பத்திரிகையாளர் சிவராம் முன்பு புளொட் என்ற ஆயுத இயக்கத்தில் இருந்தது எல்லோருக்கும் தெரியும். 1989 இல் ‘தராக்கி’ என்ற பெயரில் ‘ஐலன்ட்’ பத்திரிகையில் எழுதத் தொடங்கினார், இயக்கத்தை உள்ளே நின்று பார்த்தவர் என்றபடியால்தான் அந்த எழுத்துக்கு ஒரு கனம் இருந்தது. 2005 ஏப்ரலில் கடத்திக் கொல்லும்வரைக்கும் எழுதினார்.

வடலி:
அவரை இந்த வரிசையில் வைக்காதேயும் தம்பி. அவர் எழுதினதுக்கு உயிரைக் கொடுத்தவர், இவர் சம்பளம் மாறின ஆள். சரி, ஒன்றை ஒத்துக்கொள்கிறேன், உள்ளே இருந்தது குற்றமில்லை. ஆனால் சிவராம் எங்கே இருந்து வந்தவர் என்று எங்களுக்குத் தெரியும். நேற்றுப் பார்த்தவர்களில் எத்தனை பேருக்கு இவருடைய பழைய வேலை தெரியும்?

கோவிலடியான்:
அது நியாயம். ‘முன்னாள் இணைப்புச் செயலாளர்’ என்று ஒரு வரி போட்டால் காணும்.

குருநகரான்:
போடமாட்டார்கள். அடுத்த தேர்தலோடு திரும்பிப் போகிற எண்ணம் இருந்தால் ‘முன்னாள்’ என்று எப்படிப் போடுவது?