1917 ரஷ்யா: ஜார் போன பிறகு ஊரில் யார் சொன்னது செல்லுபடியானது?

ஏட்டுப்பூச்சி:
ஜார் மன்னர் போன பிறகு ஒரு பக்கம் தற்காலிக அரசு, இன்னொரு பக்கம் தலைநகரின் தொழிலாளர், சிப்பாய்கள் மன்றமான பெத்ரோகிராத் சோவியத், இரண்டும் ஆரம்பத்தில் ஒரே தவ்ரீதா அரண்மனையில்தான் இருந்தன, அரசியல்வாதி கெரென்ஸ்கி இரண்டிலும் இருந்தார், அதுவரை புரிகிறது. ஆனால் தலைநகருக்கு வெளியே இருந்தவர்கள் யார் பேச்சைக் கேட்பது என்று எப்படி முடிவு செய்தார்கள்?

கரிசல்:
துப்பாக்கி யார் பொறுப்பில் இருந்தது என்று பாருங்கள். பழைய நாட்காட்டிப்படி மார்ச் 1ஆம் தேதி சோவியத் போட்ட முதலாம் எண் உத்தரவில், டூமா என்ற நாடாளுமன்றத்தின் ராணுவக் குழு என்ன சொன்னாலும் அது சோவியத்தின் முடிவுக்கு முரணாக இருந்தால் செய்ய வேண்டாம், ஆயுதங்கள் சிப்பாய்களின் கமிட்டிகளிடமே இருக்கட்டும், அதிகாரிகள் கேட்டாலும் தராதீர்கள் என்று இருக்கிறது. தலைநகரப் படைகளுக்காக எழுதியதுதான், ஆனால் போர்முனை வரை பரவிவிட்டது. சில நாட்களிலேயே போர் அமைச்சர் குச்கோவ், படையும் ரயிலும் தபால் தந்தியும் சோவியத் கையில் இருக்கின்றன, எங்களிடம் உண்மையான அதிகாரம் இல்லை என்று தளபதி அலெக்சேயெவுக்கு எழுதினார். அமைச்சரே எழுதியது இது!

வடகோடி:
கரிசல் சொன்னது சரி, ஆனால் மாகாணங்களில் அரசு தன் காலைத் தானே வெட்டிக்கொண்டது என்பேன். ஆளுநர்களை நீக்கி, ஜெம்ஸ்துவோ என்ற உள்ளாட்சி மன்றங்களின் தலைவர்களைக் கமிசார்களாக, அதாவது அரசின் பிரதிநிதிகளாக, நியமித்தார்கள். பழைய போலீசும் கலைந்துவிட்டது. அப்புறம் அந்தக் கமிசார் நியமனத் தந்தியை மேசையில் வைத்துக்கொண்டு யாரை அனுப்பி எதைச் செய்விப்பார்? கிரான்ஸ்டாட் கடற்படைத் தளத்தில் மே மாதம் உள்ளூர் சோவியத்தே, இங்கே ஒரே அதிகாரம் நாங்கள்தான் என்று அறிவித்துவிட்டது. உக்ரைனின் கீவ் நகரில் அரசு, சோவியத்துகள், உக்ரைனியர்களின் மன்றமான மத்திய ராதா என்று மும்முனைப் போட்டி.

களத்துமேடு:
எல்லாம் நகரத்துக் கதையாகவே போகிறது. கிராமத்தில் விவசாயிகள் தங்கள் வட்டாரக் கமிட்டிகளைத்தான் நம்பினார்கள். நிலப் பிரச்சினைக்கு அரசியல் நிர்ணய சபை வரும்வரை பொறுங்கள் என்றது அரசு. விதைப்புக் காலம் பொறுக்குமா? பல இடங்களில் கமிட்டிகளே குத்தகையைக் குறைத்தன, பண்ணைகளில் வேலை செய்த போர்க்கைதிகளைக் கூட்டிக்கொண்டு போயின. கைதிகள் போனால் பண்ணையார் நிலத்தில் உழ ஆள் இல்லை, நிலம் தானாகக் கைமாறும். இதற்குச் சோவியத்திடமும் யாரும் அனுமதி கேட்டு நிற்கவில்லை.

ஏட்டுப்பூச்சி:
போர்க்கைதிகள் விஷயம் நான் யோசிக்கவே இல்லை. கீவில் கடைசியில் யார் ஜெயித்தது?

வடகோடி:
அக்டோபர் கடைசியில் அரசுத் தரப்புப் படையும் லெனினின் கட்சியான போல்ஷெவிக்குகளும் தெருவில் மோதிக்கொண்டார்கள், நகரம் ராதா கைக்குப் போனது. ஜனவரி 1918இல் போல்ஷெவிக் படைகள் வந்து ராதாவையும் எதிர்த்தன, அது தனி இழை போட்டுப் பேச வேண்டிய விஷயம்.