'அல்கராஸ்' படத்தில் திரைக்கதையாசிரியர் அர்னாவ் விலாரோவின் பங்கு என்ன?

கேள்வி:
ஸ்பெயினின் கத்தலோனியாவிலுள்ள அல்கராஸ் என்னும் ஊரில், பீச் பழம் பயிரிடும் ஒரு குடும்பத்தின் கதையாகக் கார்லா சிமோன் இயக்கிய 'அல்கராஸ்', 2022-இல் பெர்லின் திரைப்பட விழாவின் தங்கக் கரடி விருதை வென்றது. கத்தலோனியாவின் மொழியான கத்தலானில் வந்த படம் ஒன்று அவ்விருதைப் பெற்றது அதுவே முதல் முறை. நடித்தவர்களில் ஏறத்தாழ அனைவரும் தொழில்முறை நடிகர்கள் அல்லர், அந்த வட்டாரத்து மக்களே. ஒத்திகைகளில் தம் சொந்தச் சொற்களில் பேசிப் பழகியவர்கள். அப்படியானால், சிமோனுடன் இணைந்து திரைக்கதை எழுதிய அர்னாவ் விலாரோ செய்த பணி எது? அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1:
பேச்சு இயல்பாக இருப்பதால் எழுத்து குறைவு என்று கொள்வது சரியன்று. படம் தொடங்கும்போது குழந்தைகள் விளையாடிக்கொண்டிருக்கும் பழைய காரைப் பாரந்தூக்கி ஒன்று எடுத்துச் செல்கிறது. முடிவில் மண்வாரி இயந்திரம் பீச் மரங்களை வேரோடு பிடுங்குகிறது. முதல் இழப்பைக் குழந்தைகளின் கண்வழியே சிறிதாகக் காட்டி, கடைசி இழப்பை மூன்று தலைமுறைக்கும் உரியதாக வளர்த்தெடுக்கும் இந்த அமைப்பு எழுதும் மேசையில் உருவானது என்றே நம்புகிறேன். ஸ்பெயின் உள்நாட்டுப் போரின்போது தம்மைக் காத்ததற்காக நிலவுடைமையாளர் குடும்பம் இவர்களுக்கு வாய்மொழியாக அளித்த நிலத்துக்குப் பத்திரமே இல்லை என்பதும், அந்த நிலத்தில் சூரியத் தகடுகள் வரப்போகின்றன என்பதும் தெரிந்த பிறகு, தாத்தா வெட்கத்தில் ஒடுங்குகிறார், மகன் கிமெத் சினத்தில் வெடிக்கிறார், பேரன் தன் வழியைத் தேடுகிறான். ஒரே செய்தி ஒவ்வொருவரையும் வெவ்வேறாகத் தாக்குவதை எழுத, அந்த மண்ணின் குடும்பங்களை உள்ளிருந்து அறிந்தவர் வேண்டும். விலாரோ அல்கராஸுக்கு அருகிலுள்ள பெல்விஸ் ஊரைச் சேர்ந்தவர்.

மறுமொழி 2:
மொழியையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 1933-இல் 'எல் கஃபே தெ லா மரீனா' என்ற கத்தலான் படம் வெளிவந்த சில ஆண்டுகளில், ஸ்பெயினின் சர்வாதிகாரி ஃபிராங்கோவின் ஆட்சி கத்தலானைப் பொதுவாழ்விலிருந்து விலக்கியது. 1975-இல் அவர் இறந்த பிறகு திரைக்குத் திரும்பிய கத்தலானில், கத்தலோனியத் தலைநகர் பார்சிலோனாவின் பேச்சே ஓங்கி ஒலித்தது. அங்கே தாத்தாவை 'அவி' என்பார்கள். அல்கராஸ் அமைந்த யேய்தா வட்டாரத்தில் 'பத்ரீ'. அந்தச் சொல்லையும் அந்த ஒலிப்பையும் மாற்றாமல் உலக அரங்குக்குக் கொண்டு சென்றது பெரும் பணி. ஆயினும் இதை விலாரோ ஒருவருக்கே உரியதாக்க எனக்கு மனமில்லை: சிமோனின் மாமன்மார் அல்கராஸிலேயே பீச் பயிரிடுபவர்கள், கதையின் வித்து அங்கிருந்து வந்தது.

மறுமொழி 3:
இருவர் சொன்னதையும் ஏற்கிறேன். ஆனால் நம்மைப் போல மொழிபெயர்ப்பு வரிகளைப் படித்துக்கொண்டே பார்ப்பவர்களுக்கு 'அவி', 'பத்ரீ' என்ற வேறுபாடு எட்டுவதில்லை. அவ்வாண்டு பெர்லின் நடுவர் குழுவுக்குத் தலைமை வகித்தவர், நம் புதுச்சேரி ஒன்றியப் பகுதியைச் சேர்ந்த மாஹேயில் பிறந்த அமெரிக்க இயக்குநர் மனோஜ் நைட் ஷியாமளன். கத்தலான் அறியாதவரையும் அந்தக் குடும்பத்துடன் பந்தியில் அமர வைத்தது காட்சிகளின் கட்டுமானமே. விலாரோவின் கையை நான் அங்கேதான் தேடுவேன்.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. பாரந்தூக்கிக்கும் மண்வாரிக்கும் உள்ள தொடர்பை நான் கவனிக்கவே இல்லை. இன்றிரவு மீண்டும் பார்க்கிறேன்.